வறுவலும் ஒரு வீண்பழியும்

உருளைக்கிழங்கு வறுவல் மொறுமொறுவென்று வந்துவிட்டால், "எண்ணெயைத் தாராளமா விட்டிருக்காங்க" என்பார்கள். கொழகொழவென்று போய்விட்டால், "எண்ணெய் பத்தல" என்பார்கள். தொலைக்காட்சியில் கரண்டி கரண்டியாக ஊற்றிக் காட்டும் சமையல்காரர் நம்புவதும் இதைத்தான். ரத்தப் பரிசோதனைத் தாளைப் புரட்டிவிட்டு "வறுவலை விட்டுடுங்க" என்கிற மருத்துவர் நம்புவதும் இதைத்தான். "எண்ணெயே இல்லாமல் மொறுமொறு" என்று பெட்டி விற்கிற விளம்பரக்காரரும் இதை நம்பித்தான் கடை விரித்திருக்கிறார். ஒருவர் ஊற்றச் சொல்கிறார், ஒருவர் நிறுத்தச் சொல்கிறார், ஒருவர் இயந்திரம் வாங்கச் சொல்கிறார். வறுவல் என்றால் எண்ணெய், எண்ணெய் என்றால் வறுவல் என்பதில் மட்டும் மூவருக்கும் கருத்து வேறுபாடே இல்லை.

அந்தக் கருத்துதான் தவறு. வறுவல் தேறுமா தேறாதா என்பதை முடிவுசெய்வது காயில் இருக்கும் தண்ணீர். அதை எப்போது, எப்படி, எவ்வளவு வெளியேற்றுகிறோம் என்பதில்தான் முழு விஷயமும் இருக்கிறது. அதைச் சரியாகச் செய்தால் நாலு பேருக்கான அரைக் கிலோ கிழங்குக்கு மூன்று மேசைக்கரண்டி எண்ணெய் போதும். செய்யத் தவறினால் மூன்றை ஆறாக்கினாலும் தட்டில் விழுவது எண்ணெய் குடித்த மசியல்தான். ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம். நம் சமையலறையில் அந்தக் கோணல் கூடம் எண்ணெய்ப் பாத்திரம்.

சட்டிக்குள் நடப்பது என்ன?

உருளைக்கிழங்கின் எடையில் ஏறத்தாழ 80 சதவீதம் தண்ணீர். அரைக் கிலோ கிழங்கைச் சட்டியில் போடுகிறோம் என்றால், ஏறக்குறைய 400 மில்லி தண்ணீரைப் போடுகிறோம் என்று பொருள். வெண்டைக்காயிலும் கத்தரிக்காயிலும் இந்தப் பங்கு 90 சதவீதத்தை ஒட்டியோ தாண்டியோ இருக்கும். தண்ணீர் 100 டிகிரி செல்சியஸில் கொதிக்கும். காயின் மேல்பரப்பு ஈரமாக இருக்கும்வரை, அடியில் எவ்வளவு தீ எரிந்தாலும், அந்தப் பரப்பு 100 டிகிரியைத் தாண்டாது. ஆனால் வறுவலுக்கு நிறத்தையும் மணத்தையும் தருகிற வேதிவினை சுறுசுறுப்பாக நடக்க 140 டிகிரியாவது வேண்டும். லூயி கமீல் மையார் என்ற பிரெஞ்சு வேதியியலாளர் 1912-இல் விவரித்த வினை அது. காயில் உள்ள சர்க்கரையும் அமினோ அமிலங்களும் சேர்ந்து பொன்னிறத்தையும், தெருமுனைவரை வருகிற அந்த வாசனையையும் உண்டாக்குகின்றன. ஈரம் போகாமல் இந்த வினை சூடு பிடிக்காது. நூறு டிகிரியில் நின்றுவிட்ட காய் வேகும், குழையும், வறுபடாது.

தண்ணீரை விரட்டுவது எளிதான வேலையும் அல்ல. ஒரு கிராம் தண்ணீரை அறைச் சூட்டிலிருந்து, அதாவது 30 டிகிரியிலிருந்து, கொதிநிலைக்குக் கொண்டுபோக 70 கலோரி வெப்பம் போதும். கொதிக்கும் அந்த ஒரு கிராமை ஆவியாக்க 540 கலோரி வேண்டும், ஏறக்குறைய எட்டு மடங்கு. அடுப்பின் வெப்பத்தில் பெரும்பகுதி இந்த வேலைக்கே போகிறது. காயைச் சட்டியில் கொட்டியதும் கேட்கிற 'சொய்ங்' சத்தத்தை எண்ணெய் போடும் சத்தம் என்றே பலரும் நினைத்துக்கொண்டிருக்கிறோம். எண்ணெய் தனியாகக் காயும்போது சத்தம் போடாது. அது காயைவிட்டு வெளியேறும் நீரின் சத்தம். நீர் குறையக் குறையச் சத்தமும் அடங்கும். கைப்பக்குவம் என்று நாம் கும்பிடுகிற விஷயத்தில் பாதி, இந்தச் சத்தம் மாறுவதைக் காதில் வாங்குவதுதான்.

அப்படியானால் எண்ணெயின் வேலை என்ன? கிழங்குத் துண்டின் முகம் சமதளமல்ல, சட்டியின் முகமும் சமதளமல்ல. இரண்டும் தொடுகிற இடம் கொஞ்சம், நடுவில் இருக்கும் காற்று இடைவெளி அதிகம். காற்று வெப்பத்தைச் சரியாகக் கடத்தாது. அந்த இடைவெளியை நிரப்பிச் சூட்டைக் காய்க்குக் கொண்டுபோய்ச் சேர்ப்பது எண்ணெய். கூடவே கடுகு, பெருங்காயம், கறிவேப்பிலையின் வாசனையைக் கரைத்து எல்லாத் துண்டுகளுக்கும் பரப்புகிறது. இந்த இரண்டு வேலைக்கும் ஒரு மெல்லிய படலம் போதும். படலத்துக்கு மேல் ஊற்றுவதெல்லாம் சட்டியின் ஓரத்தில் தேங்கி, கடைசியில் தட்டுக்குத்தான் வரும்.

கல்யாணப் பந்தியைக் காட்டுகிறவர்களுக்கு

உடனே வருகிற மறுப்பு எனக்குத் தெரியும். "கல்யாண வீட்டில் உருளை ரோஸ்ட் எண்ணெயில் மிதந்து வருகிறதே, ருசியாகத்தானே இருக்கிறது?" ருசியாகத்தான் இருக்கிறது. ஆனால் அங்கே கிழங்கை எண்ணெயில் முழுக்கிப் பொரித்தெடுப்பதற்குக் காரணம் ருசி மட்டுமல்ல, தலை எண்ணிக்கை. ஐந்நூறு இலைக்கு வேண்டிய கிழங்கை ஒற்றை அடுக்காகப் பரப்பி, ஒவ்வொரு முகமாகத் திருப்பிக்கொண்டிருந்தால் முகூர்த்தச் சாப்பாடு இரவுச் சாப்பாடாகிவிடும். பெரிய இரும்புச் சட்டியில் நிறைய எண்ணெய் காயும்போது அதில் வெப்பமும் நிறையச் சேமிப்பாக இருக்கிறது; காயின் எல்லாப் பக்கத்தையும் ஒரே நேரத்தில் தொடுகிறது; நீரை மளமளவென்று விரட்டுகிறது. அங்கேயும் மொறுமொறுப்பு வருவது நீர் போனதால்தான். எண்ணெய் அதற்கான வேகமான வழி, அவ்வளவே.

நம் வீட்டுச் சட்டியில் மூன்று கரண்டிக்குப் பதில் ஆறு கரண்டி விடுவது இந்த இரண்டு வழியிலும் சேராது. முழுக்கிப் பொரிக்கிற அளவு எண்ணெயும் இல்லை, படலமாக நிற்கிற அளவும் இல்லை. காய் பாதி முங்கிக் கிடக்கிறது, சூடு போதவில்லை, நீர் மெதுவாகக் கசிகிறது. அடுப்பை அணைத்ததும் இன்னொன்று நடக்கிறது. காய்க்குள் இருந்த நீராவி குளிர்ந்து சுருங்குகிறது. நீர் வெளியேறிய நுண்துளைகளுக்குள் மேலே ஒட்டியிருக்கும் எண்ணெய் இழுக்கப்படுகிறது. பொரித்த பண்டத்தில் எண்ணெயின் பெரும்பங்கு இப்படி, அடுப்பைவிட்டு இறக்கிய பிறகுதான் உள்ளே போகிறது. ஓரத்தில் தேங்கிய எண்ணெயிலேயே வறுவலை மூடி வைத்துவிட்டு, சாப்பிட உட்காரும்போது "ஒரே எண்ணெயா இருக்கே" என்று முகம் சுளிப்பதில் நியாயம் இல்லை.

"எங்க அம்மா இப்படித்தான் எண்ணெய் விட்டுச் செய்வாங்க" என்பது அடுத்த மறுப்பு. எண்ணெயைச் செக்கடியில் தூக்கில் அளந்து வாங்கிய வீடுகளில் கரண்டி கரண்டியாக விடுகிற வசதி எத்தனை பேருக்கு இருந்தது? அந்த வீடுகளில் இருந்தவை கனத்த இரும்புச் சட்டியும், விறகை இழுத்துவிட்ட பிறகு மிஞ்சுகிற தணலும். சட்டியைத் தணலில் விட்டுவிட்டு வேறு வேலைக்குப் போனார்கள். யாரும் கிண்டிக்கொண்டே நிற்கவில்லை. காய் தன் பாட்டுக்கு நீரை விட்டு அடிப்பிடித்து முறுகியது. அந்த ருசியை ஞாபகம் வைத்துக்கொண்டோம். காரணத்தை மட்டும் மாற்றி எழுதிவிட்டோம்.

நான் சொல்வதை நம்ப வேண்டாம், சிப்ஸ் ஆலையைக் கேளுங்கள். வறுப்பதையே தொழிலாகக் கொண்டவர்கள் முதலில் பார்ப்பது கிழங்கில் எவ்வளவு தண்ணீர் இருக்கிறது என்பதை. நீர் குறைந்து திடப்பொருள் கூடிய கிழங்கு குறைவாக எண்ணெய் குடிக்கும், சீக்கிரம் முறுகும். சிம்லாவில் இருக்கும் மத்திய உருளைக்கிழங்கு ஆராய்ச்சி நிறுவனம் 1998-இல் 'குஃப்ரி சிப்சோனா' ரகங்களை வெளியிட்டதே இந்த ஆலைகளை மனத்தில் வைத்துத்தான். அந்த ரகங்களில் திடப்பொருள் 20 சதவீதத்துக்கு மேல். நிறத்தைக் கறுக்கவைக்கும் சர்க்கரை குறைவு. டன் கணக்கில் எண்ணெய் காய்ச்சுகிறவர்கள் எண்ணெயை நம்பவில்லை, கிழங்கை நம்புகிறார்கள். அரைக் கிலோ வறுக்கிற நாம் மட்டும் எண்ணெயை நம்பிக்கொண்டிருக்கிறோம்.

அரைக் கிலோ கிழங்கு, ஒரு இரும்புச் சட்டி

வாதம் வாயில் இருந்தால் போதாது, சட்டியில் வர வேண்டும். வீட்டில் செய்வதற்கு மிக எளிதான உருளை வறுவலையே எடுத்துக்கொள்வோம்.

கடையில் வாங்கும்போதே பாதி வேலை முடிகிறது. தோல் மெலிந்து, நகத்தால் கீறினால் உரிகிற புதுக்கிழங்கில் தண்ணீர் அதிகம். அது குருமாவுக்கு நல்லது. வறுவலுக்குத் தோல் தடித்து, கையில் கனமாக உட்காரும் பழைய கிழங்கே மேல். வாங்கி வந்த கிழங்கைக் குளிர்சாதனப் பெட்டியில் வைக்கக் கூடாது. குளிரில் கிழங்கின் மாவுச்சத்து சர்க்கரையாக மாறும். அந்தக் கிழங்கு உள்ளே வேகுமுன் வெளியே கறுத்துவிடும், வறுவலில் அசட்டுத் தித்திப்பும் தட்டும். காற்றோட்டமான கூடையில், வெளிச்சம் படாமல் இருந்தால் போதும்.

தோல் சீவி, 2 சென்டிமீட்டர் சதுரத் துண்டுகளாக நறுக்கி, உப்பும் மஞ்சள் தூளும் போட்ட தண்ணீரில் வேகவைக்க வேண்டும். குக்கரில் இரண்டு விசில் விட்டால் கரைந்துவிடும். திறந்த பாத்திரமே நல்லது. கத்தி நுனி நுழையும்போது நடுவில் லேசாகத் தடுக்க வேண்டும், அதுதான் பதம். "வறுக்கப்போகிற காயை எதற்குத் தண்ணீரில் போடுகிறாய்?" என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. உருளையின் மாவுச்சத்து 60 டிகிரியைத் தாண்டும்போது நீரை இழுத்துப் பசையாகிறது. துண்டின் மேல்பரப்பில் படிகிற அந்தப் பசைதான் பிறகு காய்ந்து ஓடாகிறது. பச்சைக் கிழங்கை நேரடியாகச் சட்டியில் போட்டால் உள்ளே வேகும் நேரமும் வெளியே சிவக்கும் நேரமும் ஒத்துப்போகாது. உள்ளே வேகட்டும் என்று மூடி போடுகிறோம். மூடியில் முட்டிய ஆவி மீண்டும் துளித்துளியாகக் காய்மேலேயே விழுகிறது. மேலே ஒரு வாய் எண்ணெய் விடத் தோன்றுவது அந்த நிமிடத்தில்தான்.

வெந்த கிழங்கை வடித்த பிறகு வரும் பத்து நிமிடத்தைத்தான் எல்லோரும் திருடிவிடுகிறோம். வடிதட்டிலிருந்து நேராகச் சட்டிக்குப் போகும் கிழங்கு தோற்ற கிழங்கு. அகலத் தட்டில் ஒன்றின்மேல் ஒன்று ஏறாமல் பரப்பி, மின்விசிறிக்கு அடியில் வைக்க வேண்டும். சூட்டோடு சூடாக இருக்கும்போதே ஆவி தானாக எழும்பிப் போகும். எரிவாயுச் செலவில்லாமல் நீரை விரட்டித் தருகிற நேரம் இது. பளபளவென்றிருந்த துண்டுகளின் முகம் மங்கி, ஓரங்கள் லேசாக வெளுத்து, விரலால் தொட்டால் மாவு ஒட்டுவதுபோல் இருக்கும். அப்போதுதான் அது சட்டிக்குத் தயார்.

சட்டி அகலமாக இருக்க வேண்டும். இதற்கு ஒரு கணக்கும் போடலாம். அரைக் கிலோ கிழங்கை 2 சென்டிமீட்டர் சதுரமாக நறுக்கினால் ஏறத்தாழ 58 துண்டு வரும். ஒவ்வொன்றும் அடியில் 4 சதுர சென்டிமீட்டர் இடம் பிடிக்கும். மொத்தம் 230 சதுர சென்டிமீட்டர். பத்து அங்குல விட்டமுள்ள சட்டியின் அடிப்பரப்பு ஏறக்குறைய 500 சதுர சென்டிமீட்டர். பாதி இடம் காய்க்கு, பாதி இடம் ஆவி தப்பிப்போக. அதே சட்டியில் ஒரு கிலோவைக் கொட்டினால் இடைவெளியே இருக்காது. கிளம்பிய ஆவி பக்கத்துத் துண்டில் முட்டி அதை அவிக்கும். விருந்தாளி வந்த நாளில் வறுவல் சொதப்புவதற்குக் காரணம் கண்ணேறு அல்ல, இந்தக் கணக்கு. இரண்டு தடவையாக வறுப்பதே வழி.

இரும்புச் சட்டியோ கனத்த தோசைக்கல்லோ நன்றாகக் காய்ந்த பிறகு மூன்று மேசைக்கரண்டி எண்ணெய். கனத்த இரும்பு சூட்டைச் சேமித்து வைத்திருக்கும், காய் விழுந்ததும் சட்டென்று தணியாது. மெல்லிய அலுமினியச் சட்டியில் அந்தச் சேமிப்பு கிடையாது. செக்கு எண்ணெய் என்றால் புகையும்வரை காயவிட வேண்டாம், அது சுத்திகரித்த எண்ணெயைவிடச் சீக்கிரம் புகையும். கடுகு வெடித்து, உளுத்தம்பருப்பு சிவந்து, கறிவேப்பிலை படபடத்து அடங்கியதும் கிழங்கைப் பரப்பிவிட்டு, கரண்டியைக் கீழே வைத்துவிட வேண்டும்.

கரண்டியைக் கீழே வைப்பதுதான் இந்தச் சமையலிலேயே கடினமான வேலை. அடுப்படியில் நின்றுகொண்டு கிண்டாமல் இருப்பது சோம்பேறித்தனம் என்று நமக்குள் ஊறிப்போயிருக்கிறது. கிண்டும் ஒவ்வொரு தடவையும், காய்ந்துகொண்டிருந்த முகத்தைத் தூக்கிவிட்டு ஈர முகத்தைக் கீழே வைக்கிறோம். எந்த முகமும் 140 டிகிரியைப் பார்ப்பதில்லை. மிதமான தீயில் நான்கைந்து நிமிடம் தொடாமல் விட்டுப் பார்க்கலாம். முதலில் துண்டு சட்டியைப் பிடித்துக்கொள்ளும். "அய்யோ ஒட்டுது" என்று சுரண்டினால் ஓடு சட்டியிலும் கிழங்கு கரண்டியிலுமாகப் பிரிந்துவிடும். பொறுத்தால், அடிமுகம் காய்ந்து ஓடு கட்டியதும் தானே பிடியை விடும். சட்டியை லேசாக உலுக்கினால் துண்டுகள் கலகலவென்று நகரும். அப்போது திருப்பலாம். மூன்று, நான்கு தடவை திருப்பினால் வேலை முடிந்தது.

மிளகாய்த்தூளைக் கடைசியில் போட வேண்டும். அது மெல்லிய பொடி, காய்ந்த எண்ணெயில் நொடியில் கருகும். கருகும் என்று பயந்து முதலிலேயே தண்ணீர் தெளித்துப் பிசறுகிறவர்கள், இவ்வளவு நேரம் விரட்டிய நீரை வெற்றிலை பாக்கு வைத்துத் திரும்ப அழைக்கிறார்கள். தீயைத் தணித்து, தூளைத் தூவி, ஒரு புரட்டுப் புரட்டி, அடுப்பை அணைத்துவிட்டால் சட்டியின் சூடே பச்சை வாசனையைப் போக்கிவிடும். இறக்கிய வறுவலை மூடக் கூடாது. அகலமான தட்டுக்கு மாற்றிவிட வேண்டும்.

காய்க்குக் காய் தந்திரம் மாறும்

இது உருளைக்கு மட்டுமான கதை என்று தள்ளிவிட முடியாது. காய்க்குக் காய் எண்ணெயின் அளவைவிட, நீரை மடக்கும் தந்திரம்தான் அதிகம் மாறுகிறது.

வெண்டைக்காயை முழுதாகக் கழுவி, துணியால் ஈரம் போகத் துடைத்த பிறகே நறுக்க வேண்டும் என்பது எல்லா வீட்டுக்கும் தெரியும். பிறகு அதே வீட்டில் நறுக்கியதும் உப்புப் போட்டு மூடியும் போடுவார்கள். உப்பு நீரை வெளியே இழுக்கும், மூடி அதை உள்ளேயே நிறுத்தும். வழவழப்பு கரைந்து நூல் விடும். கொழகொழப்பு போகட்டும் என்று எண்ணெய் விடுகிறோம். மூடாமல் வதக்கி, நூல் அறுந்த பிறகு உப்புப் போட்டால் கூடுதலாக ஒரு துளி எண்ணெயும் தேவைப்படாது.

கத்தரிக்காயில் கதை தலைகீழ். அதன் சதை முழுக்கக் காற்றறைகள், பச்சையாக எண்ணெயில் போட்டால் விட்டதையெல்லாம் உறிஞ்சிக்கொண்டு இன்னும் கேட்கும். இங்கே உப்பு முதலிலேயே வேண்டும். நறுக்கி உப்புப் பிசறி வைத்து, விட்ட நீரைப் பிழிந்தெடுத்தால் அறைகள் அமுங்கிவிடும். பிறகு அதற்கு எண்ணெய்த் தாகம் இல்லை. பாகற்காய்க்கும் இதே வைத்தியம்தான். கசப்பும் கொஞ்சம் தணியும்.

சேனைக்கிழங்கைப் புளித்தண்ணீரில் வேகவைப்பது நாக்கு அரிக்காமல் இருப்பதற்காக என்று சொல்வார்கள். அதில் இன்னொரு லாபமும் உண்டு. காயின் செல்களை ஒட்டிவைத்திருக்கும் பெக்டின் என்ற பசை, புளிப்பில் சீக்கிரம் கரையாது. துண்டு வெந்தாலும் உடையாமல் முனை மழுங்காமல் நிற்கும். உடையாத துண்டுதான் சட்டியில் தட்டையாக உட்கார்ந்து ஓடு கட்டும். சேனை வறுவல் மீன் வறுவலுக்குச் சவால் விடுவது இந்தப் புளியால்.

இத்தனை காய்களில் எதிலாவது "எண்ணெயைக் கூட்டு" என்பது தீர்வாக வருகிறதா? உப்பை எப்போது போடுவது, மூடியை எப்போது எடுப்பது, எப்போது துடைப்பது, எப்போது பிழிவது என்பவைதான் வருகின்றன.

மருத்துவர் சொல்வதில் பாதி சரி

மருத்துவரின் எச்சரிக்கையை அப்படியே தள்ள முடியாது. உடலுழைப்பு குறைந்த ஆணுக்கு ஒரு நாளைக்கு 25 கிராம், பெண்ணுக்கு 20 கிராம் சமையல் கொழுப்பு என்பது ஹைதராபாதில் உள்ள தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் 2011-இல் வெளியிட்ட உணவு வழிகாட்டி தரும் அளவு. ஒரு மேசைக்கரண்டி எண்ணெய் ஏறக்குறைய 14 கிராம், 120 கலோரிக்கு மேல். மூன்று கரண்டி விட்ட வறுவலை நாலு பேர் பகிர்ந்தால் தலைக்குப் பத்து கிராமுக்குச் சற்று மேல். இதுவே சின்ன அளவல்ல. ஆறு கரண்டி விட்டால் தலைக்கு 21 கிராம்: ஒரு பெண்ணின் அன்றைய ஒதுக்கீடு முழுவதும் ஒரே தொட்டுக்கொள்ளும் காயில் தீர்ந்துபோகிறது. "எண்ணெய் விட்டால்தான் வறுவல்" என்ற நம்பிக்கை உடம்புக்குக் கெடுதல் என்பதற்கு இந்தக் கணக்கே சாட்சி. ஆனால் இதிலிருந்து வர வேண்டிய அறிவுரை "எப்படி வறுப்பது என்று கற்றுக்கொள்" என்பது. "வறுவலை விடு" என்பதல்ல.

வறுவலை விட்டவர்கள் அந்த மொறுமொறுப்பை வேறெங்கோ தேடிப் போகிறார்கள் என்பதையும் பார்க்க வேண்டும். தயிர்சாதத்துக்கு வறுவல் இல்லையென்றால் ஒரு பாக்கெட் சிப்ஸ் பிரிகிறது. நூறு கிராம் சிப்ஸில் 30 முதல் 35 கிராம் வரை கொழுப்பு இருக்கிறது. பாக்கெட்டின் பின்பக்கத்திலேயே அச்சடித்திருக்கும். ஐம்பது கிராம் பாக்கெட் ஒன்று, வீட்டு வறுவலின் ஒரு பங்கைவிடக் கூடுதல் எண்ணெயை உள்ளே அனுப்பிவிடுகிறது. வயிறும் நிறைவதில்லை.

வறுவலில் கவலைப்பட வேண்டிய இன்னொன்று உண்டு. 2002 ஏப்ரலில் சுவீடனின் தேசிய உணவு நிர்வாகமும் ஸ்டாக்ஹோம் பல்கலைக்கழக ஆய்வாளர்களும், மாவுச்சத்துள்ள பண்டங்களை 120 டிகிரிக்கு மேல் வறுக்கும்போதும் சுடும்போதும் அக்ரிலமைடு என்ற வேதிப்பொருள் உருவாகிறது என்று அறிவித்தார்கள். ஆய்வுக்கூட விலங்குகளில் புற்றுநோயைத் தூண்டிய பொருள் அது. அதன் அளவைக் கூட்டுவது கிழங்கில் உள்ள சர்க்கரையும், வறுபடும் சூடும், நேரமும். ஐரோப்பிய ஒன்றியத்தில் 2018 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த விதிமுறை, சிப்ஸுக்கான கிழங்கை 6 டிகிரிக்கு மேல்தான் சேமிக்கச் சொல்கிறது. நம் வீட்டுக்கு இதன் பொருள்: கிழங்கைக் குளிர்பெட்டியில் வைக்காதே, பொன்னிறத்தில் நிறுத்து, கருகலை ருசி என்று நினைக்காதே. இதிலும் எண்ணெயின் அளவு குற்றவாளி அல்ல. எண்ணெயில்லாமல் கருகவிட்டாலும் அக்ரிலமைடு வரும்.

பெட்டி விற்கிறவருக்குப் பதில்

பிலிப்ஸ் நிறுவனம் 2010-இல் பெர்லின் மின்னணுக் கண்காட்சியில் ஏர் ஃப்ரையரை அறிமுகப்படுத்தியது. அன்றுமுதல் பல நிறுவனங்கள் அதைச் செய்து குவித்துவிட்டன. அதற்குள் இருப்பது ஒரு சூடேற்றும் கம்பிச்சுருளும், மேலிருந்து வேகமாகக் காற்றடிக்கும் விசிறியும். உண்மையில் அது ஒரு சின்ன ஓவன். அந்த விசிறி செய்வது, காயைச் சுற்றி நிற்கும் ஈரக் காற்றை அடித்து விரட்டிக்கொண்டே இருப்பது. நீரை விரட்டினால் காய் முறுகும் என்று நான் இவ்வளவு நேரம் சொன்னதை, அந்தப் பெட்டி மின்சாரம் செலவழித்து நிரூபிக்கிறது. "எண்ணெய் இல்லாததால் மொறுமொறு" என்று விளம்பரம் பேசினாலும், "ஈரம் இல்லாததால் மொறுமொறு" என்றுதான் இயந்திரம் பேசுகிறது.

ஒண்டிக்கட்டையாக இருப்பவருக்கும், அடுப்படியில் நிற்க முடியாத முதியவருக்கும், தீயை நம்பி விட்டுவிட்டுப் போக முடியாத வீட்டுக்கும் அது உதவும் சாதனம்தான். மறுக்கவில்லை. ஆனால் நான்கைந்து பேர் உள்ள குடும்பத்தில் அதன் கூடை ஒரே நடையில் கொள்ளாது. திணித்தால் அங்கேயும் காய் அவியத்தான் செய்யும். சொட்டு எண்ணெய் இல்லாமல் போட்டால் துண்டின் மேல்பரப்பு தோல்போல் வறளும், மிளகாய்த்தூள் ஒட்டாது, தாளிப்புக்கு அதில் இடமே இல்லை. கடைசியில் ஒரு கரண்டி எண்ணெயில் பிசறித்தான் எல்லோரும் உள்ளே வைக்கிறார்கள். இரும்புச் சட்டியும் அடுப்பும் இருக்கிற வீட்டில் வறுவலுக்காக மட்டும் அதை வாங்குவது, வெண்ணெயைக் கையில் வைத்துக்கொண்டு நெய்க்கு அலைவது.

ஒட்டாத பூச்சுச் சட்டிக்கும் இதே பதில். அந்தப் பூச்சு 260 டிகிரிக்கு மேல் சிதையத் தொடங்கும். வெறும் சட்டியைப் பெருந்தீயில் காயவைத்தால் அந்த அளவைத் தாண்டச் சில நிமிடம் போதும். காய் சட்டியில் ஒட்டுவது நோயல்ல, ஈரம் இன்னும் போகவில்லை என்கிற அறிவிப்பு. அறிவிப்பை அழிக்கப் பணம் கொடுப்பதைவிட இரண்டு நிமிடம் காத்திருக்கலாம்.

நேரம் யாருடையது?

கடைசியாக ஒரு மறுப்பு இருக்கிறது. எல்லாவற்றிலும் கனமானது அதுதான். "காலையில் இட்லி, மதியச் சாப்பாட்டு டப்பா, பிள்ளைக்குப் பள்ளி வண்டி, எட்டரைக்கு அலுவலகம். காயைத் துடைத்து, ஆறவைத்து, தொடாமல் காத்திருக்க எங்களுக்கு ஏது நேரம்? எண்ணெயை விட்டால் சீக்கிரம் முடிகிறது." இதைச் சொல்கிறவர் பெரும்பாலும் பெண். அவர் சொல்வதில் பொய் இல்லை.

ஆனால் எண்ணெய் விட்டால் சீக்கிரம் முடிகிறது என்பதைக் கடிகாரத்தை வைத்துப் பார்க்க வேண்டும். ஈரக் கிழங்கை எண்ணெயில் போட்டு, மூடி, திறந்து, கிண்டி, இன்னும் எண்ணெய் விட்டு, உடைந்ததை வருந்தி இறக்குகிற நேரம் முழுவதும் ஒரு ஆள் அடுப்போடு கட்டுண்டு நிற்க வேண்டும். மாற்று வழியில் நேரத்தின் பெரும்பகுதி காத்திருப்பு. ஆறும் பத்து நிமிடத்தில் கிழங்குக்கு யாரும் காவல் நிற்க வேண்டாம், தொடாமல் விடுகிற ஐந்து நிமிடத்தில் இட்லித் தட்டைக் கழுவிவிடலாம். முந்தின இரவே வேகவைத்துத் திறந்தபடி வைத்த கிழங்கு காலையில் இன்னும் காய்ந்து, இறுகி, வறுவலுக்கு மேலும் ஏற்றதாக இருக்கும். குளிர்பெட்டித் தடை பச்சைக் கிழங்குக்குத்தான். வெந்ததை உள்ளே வைக்கலாம். துடைப்பதையும் நறுக்குவதையும் வீட்டில் இருக்கிற இன்னொரு கை செய்யலாம். சாப்பிடுகிற கைகள் எல்லாவற்றுக்கும் அது தெரிந்த வேலைதான்.

வறுவல் சரியாக வராத நாளில் பழி எங்கே போகிறது என்று பாருங்கள். எண்ணெய் கம்மி என்றால் "சிக்கனம் பிடிக்கிறா"; எண்ணெய் கூடினால் "கை நீளம்". எண்ணெயை மட்டுமே அளவுகோலாக வைத்த வீட்டில் சமைக்கிறவர் எந்தப் பக்கம் போனாலும் குற்றவாளி. அளவுகோலை மாற்றினால் கேள்வியே மாறும்: ஈரம் போயிற்றா, இடம் இருந்ததா, பொறுத்தோமா? இந்த மூன்றுக்கும் விடை சொல்லிவிட முடியும், சொன்னபடி அடுத்த முறை திருத்தவும் முடியும். எண்ணெய் விலை ஏறுகிறது, நாட்டின் சமையல் எண்ணெயில் பாதிக்கு மேல் கப்பலில் வருகிறது, உடம்பில் கொழுப்பு கூடுகிறது என்று கவலைப்படுகிற அத்தனை பேரும் வீட்டுப் பெண்ணுக்கு "குறைச்சுக்கோ" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போகிறார்கள். ருசி கெடாமல் குறைக்கும் வழியைச் சொல்லாமல் குறைக்கச் சொல்வது அறிவுரையல்ல, அதட்டல். வழி இருக்கிறது. அதற்குப் புதிய எண்ணெயும் வேண்டாம், புதிய பெட்டியும் வேண்டாம். ஒரு அகலச் சட்டி, ஒரு துடைக்கும் துணி, கரண்டியைக் கீழே வைக்கிற பொறுமை போதும்.